பொருளுக்கு முன்னால் ஒரு வரி: அகராதி ஆசிரியர்களுக்கு ஒரு திறந்த மடல்

அகராதி தொகுக்கும் ஆசிரியர் குழுக்களுக்கு,

வணக்கம்.

நான் ஒரு மொழிபெயர்ப்பாளர். இருபது ஆண்டுகளுக்கும் மேலாக என் மேசையில் உங்கள் நூல்கள்தான் கிடக்கின்றன. அட்டை கழன்று, ஓரம் மடிந்து, சில பக்கங்களில் அச்செழுத்தைவிட என் பென்சில் குறிப்புகள் அதிகமாகிவிட்டன. இப்போது கைப்பேசியிலும் உங்களைத்தான் தேடுகிறேன். அகராதி தொகுப்பது எவ்வளவு பொறுமை கேட்கும் வேலை என்று தெரியும். அதற்குக் கிடைக்கும் ஊதியமும் பெயரும் எவ்வளவு குறைவு என்பதும் தெரியும். அதனால் சண்டை போடுவதற்காக எழுதவில்லை. பல ஆண்டுகளாக மனத்தில் கிடக்கும் ஒரு கோரிக்கையைச் சொல்ல எழுதுகிறேன்.

இனத்தின் பேரால் மனிதரை இழிவுபடுத்தும் சொற்களை நீங்கள் எப்படிப் பதிவு செய்கிறீர்கள்? ஒலியால் மட்டும் அவற்றைப் போலிருந்து, முற்றிலும் வேறு வேரிலிருந்து வந்த சொற்களை எப்படிப் பதிவு செய்கிறீர்கள்? கேள்வி இவ்வளவுதான். ஆங்கிலம்–தமிழ் அகராதி தொகுப்பவர்களை மனத்தில் வைத்தே எழுதுகிறேன். ஆனால் நம் இருமொழி அகராதிகள் பெரும்பாலும் ஆங்கில அகராதிகளைப் பார்த்து வளர்ந்தவை. ஆகவே அங்கே நடந்தவற்றையும் பேசியாக வேண்டும்.

வேலைக்குச் சேர்ந்த புதிதில் நடந்ததை முதலில் சொல்லிவிடுகிறேன். ஒரு தமிழ்க் கட்டுரையை ஆங்கிலமாக்கிக்கொண்டிருந்தேன். கறுப்பினத் தொழிலாளர்களைப் பற்றிய பத்தி ஒன்று வந்தது. எங்கோ படித்த ஆங்கிலச் சொல் ஒன்று நினைவில் இருந்தது. சரிதானா என்று பார்க்க ஆங்கிலம்–தமிழ் அகராதியைப் புரட்டினேன். 'நீக்ரோ, கறுப்பு நிறத்தவர்' என்று போட்டிருந்தது. வேறு குறிப்பு ஒன்றும் இல்லை. அப்படியே எழுதிவிட்டேன்.

படியைத் திருத்தியவர் அமெரிக்காவில் பிறந்து வளர்ந்த கறுப்பினப் பெண்மணி. அந்தச் சொல்லை அடித்துவிட்டு என்னை அழைத்தார். "இது எங்கிருந்து கிடைத்தது?" என்று கேட்டார். அகராதியிலிருந்து என்றேன். "அகராதி வேறெதுவும் சொல்லவில்லையா?" என்றார். ஓடிப்போய் அந்தப் புத்தகத்தை எடுத்துவந்து காட்டினேன். அவருக்குத் தமிழ் தெரியாது. அதில் உள்ளதை ஆங்கிலத்தில் சொல்லச் சொன்னார். சொல்லி முடிக்கப் பத்து நொடிகூட ஆகவில்லை. "அவ்வளவுதானா?" என்று கேட்டார். அவ்வளவுதான்.

அவர் என்னைத் திட்டவில்லை. அரை மணி நேரம் உட்கார்ந்து, அந்தச் சொல் அவருடைய பாட்டியை நோக்கி யார் வாயிலிருந்து, எந்தச் சூழலில் வந்தது என்று சொன்னார். அகராதி எனக்குச் சொல்லியிருக்க வேண்டிய செய்தியை, அந்தச் சொல்லால் காயப்பட்ட குடும்பத்தைச் சேர்ந்த ஒருவர் சொல்ல வேண்டியதாயிற்று. அன்றைய வெட்கம் இன்னும் போகவில்லை.

அந்தச் சொல்லை இந்த மடலில் நான் எழுதப்போவதில்லை. ஆங்கிலத்தில் அதற்கு ஆறு எழுத்து என்பதால் 'ஆறெழுத்துச் சொல்' என்றே குறிப்பிடுகிறேன். ஆனால் நீங்கள் அதை முழுமையாக அச்சிட வேண்டும் என்றுதான் கேட்கிறேன். இதில் முரண் இல்லை. மடல் ஒருவரை நோக்கிப் பேசுகிறது. அதைப் படிப்பவர் யாரென்று எனக்குத் தெரியாது. அகராதியிலோ, சொல்லைத் தேடுபவர் தானாகவே அந்தப் பக்கத்துக்கு வருகிறார். தெரிந்துகொள்ளத்தான் வருகிறார். வந்தவருக்குச் சொல்லைக் காட்டாமல் அதைப் பற்றி விளக்க முடியாது.

நீக்கிவிடுங்கள் என்று கோருவோரும் இருக்கிறார்கள். அவர்களுடைய கோபத்தின் நியாயம் எனக்குப் புரிகிறது. 1997இல் அமெரிக்காவின் மிச்சிகன் மாநிலத்தைச் சேர்ந்த இரண்டு கறுப்பினப் பெண்கள் மெரியம்–வெப்ஸ்டர் அகராதிக்கு எதிராகக் கையெழுத்து திரட்டினார்கள். அன்றைய பதிப்பில் ஆறெழுத்துச் சொல்லுக்கு முதல் பொருளாகக் 'கறுப்பின மனிதர்' என்று போட்டு, அதன் பின்னால் ஒரு கோடிட்டு, 'பொதுவாகப் புண்படுத்துவதாக எடுத்துக்கொள்ளப்படுகிறது' என்ற வகையில் ஒரு குறிப்பு இருந்தது. குறிப்பு இருந்தும் ஏன் அவ்வளவு கோபம்?

அந்த வரிசையைக் கவனியுங்கள். முதலில் 'கறுப்பின மனிதர்'. அதாவது, இந்தச் சொல்லின் பொருளே நீதான் என்று அகராதியே கைநீட்டிக் காட்டுகிறது. தன் பெயரை அப்படி ஒரு பக்கத்தில் பார்க்கும் குழந்தை, கோட்டுக்குப் பின்னால் சிறிய எழுத்தில் என்ன இருக்கிறது என்று படிக்கப் பொறுத்திருக்குமா? அடுத்து 'எடுத்துக்கொள்ளப்படுகிறது' என்ற வினை. எடுத்துக்கொள்வது யார்? கேட்பவர். வீசியவர் அந்த வாக்கியத்தில் எங்குமே இல்லை. கல்லெறிந்தவரை விட்டுவிட்டு, அடிபட்டவர் வலிப்பதாக எடுத்துக்கொள்கிறார் என்று எழுதினால் எப்படியிருக்கும்? அகராதி நடுநிலையாக இருக்க நினைத்து எழுதிய வாக்கியம்தான். ஆனால் அந்த நடுநிலை ஒரு பக்கமாகச் சாய்ந்துவிட்டது.

இன்று அதே அகராதியில் அந்தச் சொல்லைத் தேடினால் எச்சரிக்கைதான் முதலில் வருகிறது, பொருள் பின்னால் வருகிறது. கீழே நீண்ட பயன்பாட்டுக் குறிப்பும் இருக்கிறது. சொல் நீங்கவில்லை, வரிசை மாறியது. ஒரு வரியை இடம் மாற்றுவதற்கு அவ்வளவு போராட்டம் தேவைப்பட்டிருக்கிறது. நம் இருமொழி அகராதிகள் பலவற்றில் இடம் மாற்றுவதற்குக்கூட அந்த வரி இல்லை என்பதுதான் என் வருத்தம்.

நீக்கக் கூடாது என்று நான் சொல்வதற்குக் காரணம் மொழிபெயர்ப்பாளனின் அனுபவம். பழைய நீதிமன்ற ஆவணம், அடிமை முறையைப் பற்றிய சாட்சியம், நூறு ஆண்டுக்கு முந்தைய செய்தித்தாள் என்று எதைத் தொட்டாலும் இந்தச் சொற்கள் எதிர்ப்படும். யார் யாரை என்ன சொல்லி அழைத்தார்கள் என்பது மறைந்துபோனால் கொடுமையின் ஒரு பாதி மறைந்துபோகும். அகராதியில் இல்லாத சொல் உலகில் இல்லாமல் போவதில்லை. எச்சரிப்பதற்கு யாருமில்லாமல் அது தனியாகத் திரியும்.

எச்சரிக்கை என்று சொல்லும்போது, எந்த எச்சரிக்கை என்பதும் முக்கியம். ஆக்ஸ்ஃபோர்டின் சுருக்க அகராதிகளில் இரண்டு அடையாளங்களைப் பிரித்து வைத்திருக்கிறார்கள். ஒன்று, பேசுபவர் வேண்டுமென்றே தாழ்த்திச் சொல்வதைக் குறிப்பது. மற்றொன்று, பேசுபவர் நினைத்தாலும் நினைக்காவிட்டாலும் கேட்பவரைக் காயப்படுத்தக்கூடியது. முதலாவதை 'இழிவழக்கு' என்றும் இரண்டாவதைப் 'புண்படுத்துவது' என்றும் தமிழில் சொல்லலாம். என் படியில் நான் எழுதிய சொல்லில் இழிவுபடுத்தும் எண்ணம் துளியும் இல்லை. ஆனாலும் அது புண்படுத்தியது. மொழி கற்பவருக்கு இரண்டாவது அடையாளம்தான் உயிர்நாடி. கெட்ட எண்ணத்தோடு பேசுபவர் அகராதியைப் பார்ப்பதில்லை. நல்லெண்ணத்தோடு தவறிழைக்கப் போகிறவர்தான் பார்க்கிறார். நம் அகராதிகளில் 'கொச்சை', 'பேச்சு வழக்கு', 'அருகிய வழக்கு' என்றெல்லாம் சுருக்கக் குறியீடுகள் உண்டு. இந்த இரண்டுக்கும் தனித்தனிக் குறியீடு தாருங்கள். 'கொச்சை' என்ற பொதுப் பைக்குள் இனவசையையும் தெருப்பேச்சையும் ஒன்றாகப் போட்டுக் கட்டாதீர்கள்.

எங்கே, எப்போது என்பதையும் சொல்ல வேண்டும். பாகிஸ்தானியர் என்பதன் சுருக்கமாகத் தோன்றும் நான்கெழுத்து ஆங்கிலச் சொல்லை நம் பக்கத்துக் கிரிக்கெட் ரசிகர்கள் வெறும் சுருக்கமாகவே நினைத்து எழுதுகிறார்கள். பிரிட்டனில் அது தெற்காசியர் எவரையும் நோக்கி, இந்தியர், வங்கதேசத்தவர் என்ற பேதமில்லாமல், தெருவில் அடிப்பதற்கு முன் கத்தப்பட்ட சொல். தமிழில் எழுதினாலோ, அது கொடுக்க வேண்டிய மீதியைச் சொல்லும் நம் 'பாக்கி'யைப் போலவே தெரியும். கடன் பாக்கிக்கும் அந்த வசைக்கும் ஒட்டுமில்லை உறவுமில்லை.

காலமும் அப்படித்தான். 'நீக்ரோ' ஒரு காலத்தில் மதிப்பான சொல். அதன் முதல் எழுத்தைப் பெரிய எழுத்தாக அச்சிட வேண்டும் என்று கறுப்பின அறிஞர் டபிள்யூ. இ. பி. டுபாய்ஸ் போன்றோர் போராடினார்கள். நியூயார்க் டைம்ஸ் 1930இல் அதை ஏற்றது. மார்ட்டின் லூதர் கிங் 1963இல் அந்தச் சொல்லைத் தம் மக்களுக்கு வழங்கினார். பிறகு அந்த மக்களே அதை விட்டு விலகினார்கள். 2016இல் அமெரிக்கக் கூட்டரசுச் சட்டங்களில் எஞ்சியிருந்த இடங்களிலிருந்து அதை நீக்கும் சட்டத்தில் ஒபாமா கையெழுத்திட்டார். ஆனால் 1944இல் தொடங்கிய கல்லூரி நிதியமைப்பு ஒன்றின் பெயரில் அது இன்னும் இருக்கிறது, அதை யாரும் வசையாகக் கேட்பதில்லை. தமிழ் அகராதியிலோ, செய்தித்தாளிலோ 'நீக்ரோ' இன்றும் ஆண்டு எதுவும் போடாமல் அப்படியே கிடக்கிறது. 'முன்பு பொதுவழக்கு; இப்போது பெயர்களிலும் வரலாற்றுப் பேச்சிலும் மட்டும்' என்று ஒரு வரி சேர்த்தால் ஆயிரம் மாணவர்கள் தப்பிப்பார்கள்.

இனி ஒலியொப்புச் சொற்கள். இங்கேதான் எனக்கு மிகுந்த தயக்கமும் அக்கறையும்.

1999 ஜனவரியில் வாஷிங்டன் நகர மேயர் அலுவலகத்தில் டேவிட் ஹோவர்ட் என்ற அதிகாரி, நிதி ஒன்றைப் பற்றிப் பேசும்போது, கஞ்சத்தனமாகச் செலவழிக்க வேண்டியிருக்கும் என்ற பொருளில் 'நிகர்ட்லி' என்றார். கேட்டவர் காதில் ஆறெழுத்துச் சொல் விழுந்தது. ஹோவர்ட் பதவி விலகினார். கறுப்பினத்தவர் உரிமைக்காக நெடுங்காலம் போராடிய ஜூலியன் பாண்ட் உட்படப் பலரும் அவர் பக்கம் பேசினார்கள். பிறகு ஹோவர்ட் மீண்டும் வேலைக்கு அழைக்கப்பட்டார். 'நிகர்ட்' என்ற சொல் 14ஆம் நூற்றாண்டில் ஆங்கிலக் கவிஞர் சாசரிடமே இருக்கிறது. ஸ்காண்டிநேவிய மொழிகளில் கஞ்சத்தனத்தைக் குறிக்கும் சொற்களோடு உறவுடையது. ஆறெழுத்துச் சொல்லோ கறுப்பைக் குறிக்கும் லத்தீன் சொல்லிலிருந்து ஸ்பானிய, பிரெஞ்சு வழியாகப் பின்னால் வந்தது. இரண்டுக்கும் இடையே எந்த உறவும் இல்லை.

இதைச் சொல்லி, 'ஆகவே காதில் தவறாக விழுந்தவர்தான் முட்டாள்' என்று முடிப்பவர்களோடு எனக்கு உடன்பாடில்லை. வாழ்நாள் முழுவதும் ஒரு சொல்லால் அடிபட்டவரின் காது, அடுத்த அடி எங்கிருந்து வரும் என்று பார்த்துக்கொண்டே இருக்கும் காது. அது வேர்ச்சொல் ஆராய்ந்துவிட்டுத் திடுக்கிடுவதில்லை. அதே சமயம், குற்றமற்ற ஒருவரின் வேலை போவதும் நியாயமில்லை. இந்த இரண்டுக்கும் நடுவில் நின்று பேசக்கூடியது அகராதி மட்டும்தான். சில ஆங்கில அகராதிகள் இப்போது அந்தக் கஞ்சச் சொல்லின் கீழ், வசையோடு இதற்கு வேர்த்தொடர்பில்லை, ஆனாலும் ஒலியால் புண்படுத்தக்கூடும் என்று குறிப்பு தருகின்றன. நான் கேட்பது இதையே. தேடிவந்தவருக்கு இரண்டு உண்மையையும் சொல்லுங்கள். அந்தச் சொல்லைப் பயன்படுத்துவதா, கஞ்சத்தனத்துக்கு ஆங்கிலத்தில் உள்ள வேறு நான்கைந்து சொற்களில் ஒன்றை எடுப்பதா என்று அவர் தீர்மானிக்கட்டும். நானாக இருந்தால் வேறு சொல்லையே எடுப்பேன்.

மற்றொரு மொழியின் சொல்லாக இருக்கும்போது இப்படி எளிதாக மாற்றிக்கொள்ளவும் முடியாது. 2020இல் தெற்கு கலிபோர்னியப் பல்கலைக்கழகத்தில் ஒரு பேராசிரியர், பேச்சுக்கு நடுவில் மக்கள் இட்டுநிரப்பும் சொற்களுக்கு எடுத்துக்காட்டாகச் சீன மொழியின் 'நேகெ' என்பதைச் சொன்னார். நாம் 'அது வந்து' என்று இழுப்பதைப் போன்றது அது. 'அந்த' என்று பொருள். ஆறெழுத்துச் சொல் போல ஒலித்ததாக மாணவர்கள் முறையிட, அந்த வகுப்பிலிருந்து அவர் தற்காலிகமாக விலக்கப்பட்டார். சீன மொழி பேசும் கோடிக்கணக்கானோர் நாள்தோறும் பலமுறை சொல்லும் சொல்லை என்ன செய்ய முடியும்? கொரிய மொழியில் 'நீ' என்பதற்கான ஒரு வடிவமும் அதே ஒலியில்தான் இருக்கிறது. நைஜர் ஆற்றின் பெயருக்கும் வசைக்கும் உறவுண்டு என்றே பலர் நினைக்கிறார்கள். சகாரா பகுதியில் வாழும் துவாரெக் மக்களின் மொழியில் 'ஆறுகளின் ஆறு' என்ற பொருளுடைய தொடரிலிருந்து அது வந்திருக்க வேண்டும் என்பதே பரவலான கருத்து. ஒரு நாட்டின் பெயரைச் சொல்லவே தயங்கும் மாணவருக்கு இந்தத் தகவல் எவ்வளவு பெரிய விடுதலை என்று யோசியுங்கள்.

இதற்கு எதிர்ப்பக்கமும் உண்டு. குற்றமற்ற சொல்லின் பின்னால் ஒளிந்துகொள்ளும் பேச்சு. 2012இல் ஜெரமி லின் என்ற கூடைப்பந்து வீரரைப் பற்றிய செய்திக்கு, கவசத்தில் விழுந்த விரிசல் என்ற பொருளுடைய ஆங்கில மரபுத்தொடரை ஈஎஸ்பிஎன் என்ற விளையாட்டுச் செய்தி நிறுவனம் தலைப்பாக்கியது. விரிசலைக் குறிக்கும் அந்தச் சொல்லே சீனரை இழிக்கும் வசையும்கூட. லின் தைவான் வம்சாவளியினர். தலைப்பிட்டவர் அப்படி நினைக்கவேயில்லை என்றார், வேலை போயிற்று. அவர் மனத்தில் இருந்தது எனக்குத் தெரியாது. அகராதியில் இந்த இரண்டும் 1, 2 என்று எண்ணிட்ட தனித்தனிப் பதிவுகள். அந்த எண்களுக்கிடையே 'காண்க' என்று ஒரு கை நீட்டப்பட்டிருந்தால், விரிசலைத் தேடிவந்த இளம் உதவியாசிரியர் ஒருவர் பக்கத்து வீட்டில் யார் இருக்கிறார் என்றும் பார்த்துவிட்டுப் போவார்.

இதுவரை பிறர் சொற்களைப் பேசினேன். நம் சொற்களுக்கு நேர்ந்ததைச் சொல்லாமல் இந்த மடலை முடிக்க மனம் வரவில்லை.

'கூலி' என்பது உழைப்புக்கான ஊதியம். 'தெய்வத்தான் ஆகாதெனினும் முயற்சிதன் மெய்வருத்தக் கூலி தரும்' என்று குறள் அதைப் பெருமையோடு எடுத்தாள்கிறது. 'கூலிக்கு மாரடித்தல்' என்ற தொடரில் இகழ்ச்சி உண்டுதான். ஆனால் அது மனமில்லாமல் செய்யும் செயலைப் பற்றிய இகழ்ச்சி, பிறப்பைப் பற்றியதாகாது. ஆங்கிலத்தில் வழங்கும் 'கூலி' நம் சொல்லிலிருந்து வந்ததா, குஜராத்தின் கோலி மக்களின் பெயரிலிருந்து வந்ததா, இரண்டும் கலந்ததா என்பது தீராத ஆராய்ச்சி. எப்படியிருந்தாலும், பிரிட்டிஷ் பேரரசில் அடிமை முறை ஒழிந்தபின் ஒப்பந்தத் தொழிலாளர்களை ஏற்றிச்சென்ற கப்பல்களோடு அந்தச் சொல்லும் போயிற்று. மொரிஷியசுக்கு 1834இல், தென்னாப்பிரிக்காவின் நேட்டாலுக்கு 1860இல் சென்னையிலிருந்து, ஃபிஜிக்கு 1879இல். போன இடங்களில் ஊதியத்தின் பெயர் மனிதரின் பெயராயிற்று, பிறகு இனத்தின் பெயராயிற்று. தென்னாப்பிரிக்காவில் வணிகரும் கூலி, வழக்கறிஞரும் கூலி. 'கூலி பாரிஸ்டர்' என்று தம்மை அழைத்ததைக் காந்தியே எழுதியிருக்கிறார்.

காந்தி சொல்லும் இன்னொரு சொல் என்னை நெடுநேரம் யோசிக்க வைத்தது. அங்கே இந்தியரை வெள்ளையர் 'சாமி' என்றும் அழைத்தார்கள். ராமசாமி, முனுசாமி என்று தமிழ்ப் பெயர்களின் ஈற்றில் வருகிற அதே சாமி. தன்மானமுள்ள இந்தியர் சிலர், 'சாமி என்றால் தலைவன் என்று பொருள், அப்படியானால் நான் உனக்குத் தலைவனா?' என்று திருப்பிக் கேட்பார்களாம். அதற்கு வெள்ளையர் சிலருக்குக் கோபம் வரும், சிலர் அடிக்கவும் செய்வார்கள் என்கிறார். கடவுளைக் கூப்பிடும் சொல்லை வசையாக்கியவர், அதன் உண்மையான பொருளைச் சொன்னதையே அவமதிப்பாக எடுத்துக்கொண்டார்.

வேர்ச்சொல் தூய்மையானது என்பதால் வசை தூய்மையாகிவிடுவதில்லை என்பதற்கு எனக்கு இதைவிட நல்ல சான்று கிடைக்கவில்லை. ஆகவே ஆங்கிலம்–தமிழ் அகராதியில் அந்தச் சொல்லுக்கு நேராகக் 'கூலியாள்' என்று மட்டும் எழுதிவிட்டுப் போவது போதாது. டர்பனில் பிறந்த தமிழ்ப் பெண்ணிடம் நம் ஊர்ப் பிள்ளை ஒருவன் ஆங்கிலத்தில் பேசும்போது அந்தச் சொல்லைச் சொல்லிவிட்டால், தமிழில் இது நல்ல சொல்தானே என்ற சமாதானம் எடுபடாது. அதேபோல, தமிழில் 'நாட்கூலி' என்று எழுதியதை இணையத்தில் வசைச்சொற்களைத் தடுக்கும் ஓர் இயந்திர வடிகட்டி வசையென்று தடுத்தால் அதுவும் பிழை.

அரபியில் இறைமறுப்பாளரைக் குறிக்கும் 'காஃபிர்' இதே பாதையில் போனதுதான். தென்னாப்பிரிக்காவில் கறுப்பினத்தவரை நோக்கி அதைச் சொல்லித் திட்டியதற்காக 2018இல் ஒருவருக்குச் சிறைத்தண்டனையே கிடைத்தது. இலங்கையிலோ ஆப்பிரிக்க வம்சாவளிச் சமூகம் ஒன்றின் பெயர் 'காப்பிரி'. தங்களை அவர்களே அப்படித்தான் அழைத்துக்கொள்கிறார்கள். மூன்று இடம், மூன்று வாழ்க்கை, ஏறக்குறைய ஒரே ஒலி.

பிறகு, நாம் பேசத் தயங்கும் சொல். ஆங்கிலத்தின் 'பரையா'. உலக நாடுகளால் ஒதுக்கப்பட்ட அரசு ஒன்றைப் பற்றி எழுதும்போது ஆங்கிலச் செய்தியாளர்கள் கூச்சமில்லாமல் அதைப் போடுகிறார்கள். 'ஒதுக்கப்பட்டவர், விலக்கப்பட்டவர்' என்று அகராதியில் பொருள். அது பறையடிக்கும் தொழிலோடு சேர்ந்த தமிழ்ப் பெயரிலிருந்து வந்தது என்பது அடைப்புக்குள் ஒரு வரியாக இருக்கும், நான் புரட்டிய சிலவற்றில் அதுகூட இல்லை. உயிரோடிருக்கும் ஒரு மக்களின் பெயர், 'தீண்டத்தகாத' என்பதற்கு ஒருபொருட் பன்மொழியாக உலகமெங்கும் ஓடுகிறது. எச்சரிக்கைக் குறியீட்டைப் பெரும்பாலான பதிப்புகளில் காணோம். ஆறெழுத்துச் சொல்லுக்கு அழுத கண் இதைப் பார்த்து ஏன் கலங்கவில்லை? இந்தியாவில் சாதிப் பெயரைச் சொல்லிப் பொதுவில் இழிவுபடுத்துவது 1989ஆம் ஆண்டு வன்கொடுமைத் தடுப்புச் சட்டப்படி குற்றம். இதை அறிந்த நாமே ஆங்கிலத்தில் எழுதும்போது அந்தச் சொல்லை அணியாக எடுத்துப் பூசிக்கொள்கிறோம்.

இந்தப் பெயரைப் பற்றி அந்த மக்களுக்குள்ளேயே இரண்டு நிலைப்பாடுகள் இருந்தன. இரட்டைமலை சீனிவாசன் 1893இல் 'பறையன்' என்ற பெயரிலேயே இதழ் தொடங்கினார். எந்தப் பெயரால் தலைகுனிய வைத்தார்களோ அதைத் தலைப்பில் வைத்து நிமிர்ந்தார். எம். சி. ராஜா 1922இல் சென்னைச் சட்டமன்றத்தில் அந்தப் பெயரை அரசு ஆவணங்களிலிருந்து விலக்கி 'ஆதி திராவிடர்' என்று வழங்க வேண்டும் எனத் தீர்மானம் கொண்டுவந்தார். இருவரில் யார் சரி என்று அகராதி தீர்ப்பு சொல்ல வேண்டியதில்லை. ஆனால் இருவரும் இருந்தார்கள் என்பதை அந்தப் பதிவு சொல்ல வேண்டும். ஒரு சொல்லை அதற்குரியவர்கள் தமக்குள் எடுத்தாள்வது வேறு, வெளியிலிருந்து ஒருவர் வீசுவது வேறு என்பதை விளக்க இதைவிடப் பொருத்தமான இடம் நமக்கு ஏது?

அகராதிகள் கடிதங்களுக்குச் செவிசாய்த்ததுண்டு. ஸ்பானிய மொழி அகாதெமி தன் அகராதியின் 2014 பதிப்பில், ஐரோப்பாவில் வாழும் சிறுபான்மை இனமான ரோமா மக்களின் பெயருக்கு 'ஏமாற்றுக்காரர்' என்றும் ஒரு பொருள் தந்திருந்தது. ரோமா அமைப்புகள் எதிர்த்தன. குழந்தைகள் அகராதியில் தங்கள் பெயரைத் தேடிப் படிக்கும் காட்சியையே எதிர்ப்பாகக் காட்டினார்கள். புண்படுத்தும் வழக்கு என்ற குறிப்பு பிறகு சேர்ந்தது. 2020இல் ஓர் இளம் பட்டதாரி எழுதிய மின்னஞ்சலைப் படித்து மெரியம்–வெப்ஸ்டர் 'இனவெறி' என்பதற்கான விளக்கத்தைத் திருத்த முன்வந்தது. எல்லா முறையும் இப்படி நடக்கவில்லை. 1970களின் தொடக்கத்தில், யூதர் என்ற பெயருக்கு வட்டிக்கொள்ளையர் என்ற இழிபொருளைப் பதிந்ததற்காக ஆக்ஸ்ஃபோர்டு அகராதி வெளியீட்டாளரை ஒருவர் வழக்கு மன்றத்துக்கு இழுத்துத் தோற்றார். பதிவு செய்வது அகராதியின் கடமை என்றார் அன்றைய ஆசிரியர் ராபர்ட் பர்ச்ஃபீல்டு. அதை நானும் ஏற்கிறேன். எந்த வரிசையில், எந்தக் குறியீட்டோடு என்பதுதான் என் வழக்கு.

சொற்பட்டியல்கள் வேறு விஷயம். சொல்விளையாட்டுப் பட்டியலிலும் கைப்பேசி தானாக நிரப்பும் பட்டியலிலும் பொருளோ குறிப்போ இல்லை. அங்கே வசைகளை எடுத்துவிடுவதில் எனக்கு மறுப்பில்லை. உங்கள் தரவை அப்படிப்பட்ட செயலிகளுக்குத் தரும்போது குறியீடுகளையும் சேர்த்துத் தாருங்கள். தலைச்சொல்லும் பொருளும் மட்டும் போய், எச்சரிக்கை வழியில் உதிர்ந்துபோவதைக் கண்ணால் பார்த்திருக்கிறேன்.

வெறுமனே கேட்டுக்கொண்டிருக்காமல் ஒரு பதிவை எழுதிப் பார்த்தேன். ஆங்கிலத்தில் வழங்கும் 'கூலி' என்ற தலைச்சொல்லுக்கு:

புண்படுத்துவது, இழிவழக்கு. தென்னாப்பிரிக்கா, கரீபியத் தீவுகள் முதலிய இடங்களில் இந்திய, சீன வம்சாவளியினரை இழித்துக் கூறும் சொல். 19ஆம் நூற்றாண்டில் ஒப்பந்தத் தொழிலாளர்களுக்கு ஆட்சியாளர் இட்ட பெயர். அந்த வரலாற்றைப் பேசும்போது மேற்கோளாக வரும். வழிவந்தோரில் சிலர் தம்மைக் குறிக்கத் தாமே எடுத்தாள்வதுண்டு. தமிழில் ஊதியம் என்ற பொருளுடைய 'கூலி' இழிசொல் அன்று. அதை ஆங்கிலத்தில் பெயர்க்கும்போது இந்தச் சொல்லைப் பயன்படுத்த வேண்டாம்.

இதில் இடப்பற்றாக்குறை ஒரு சிக்கல் என்று நீங்கள் சொல்லக்கூடும். அச்சில் அது உண்மைதான். ஐம்பது அறுபது தலைச்சொற்களுக்கு மட்டும் இப்படி நான்கு வரி கூடினால் எத்தனை பக்கம் ஏறும் என்று நீங்கள்தான் கணக்கிட வேண்டும். மிஞ்சினால், வழக்கொழிந்துபோன தாவரப் பெயர்கள் சிலவற்றைக் குறைத்துக்கொள்ளலாம் என்பது என் கருத்து. திரையில் படிக்கும் பதிப்புக்கு அந்தக் கவலையும் இல்லை.

மேலே எழுதிய பதிவில் பிழை இருந்தால் திருத்தி அனுப்புங்கள். குறிப்பாக, 'இழிவழக்கு', 'புண்படுத்துவது' என்ற இரண்டு குறியீடுகளுக்கும் இன்னும் பொருத்தமான சொற்கள் உங்களுக்குத் தோன்றினால் தெரிவியுங்கள். மற்றத் தலைச்சொற்களுக்கான வரைவுகளையும் எழுதிக்கொண்டிருக்கிறேன். அடுத்த பதிப்புக்கான வேலை தொடங்கும்போது ஊதியம் எதுவும் எதிர்பாராமல் உட்கார்ந்து சரிபார்த்துத் தர ஆயத்தமாக இருக்கிறேன்.

அன்புடன்,
உங்கள் அகராதிகளின் நெடுநாள் வாசகர்